அம்மாவின் போனைக் குரலால் காப்பது எப்படி?

உங்கள் கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். காரைக்குடியில் தனியாக இருக்கும் அம்மாவுக்கு 66 வயது. கிளாக்கோமாவால் பார்வை மிகவும் மங்கிவிட்டது. ஆண்ட்ராய்டு போனை, திரையில் இருப்பதை வாசித்துச் சொல்லும் டாக்பேக்கைப் போட்டுக்கொண்டும், தமிழில் கூகுள் அசிஸ்டென்டிடம் பேசியும்தான் பயன்படுத்துகிறார். பின் நம்பர் போடுவது சிரமம் என்று லாக்கையே எடுத்துவிட்டார். அதே போனில்தான் யூபிஐயும் வங்கி ஓடிபியும் இருக்கின்றன. "எல்லாம் குரலால் நடக்கிறதே, பாதுகாப்பையும் குரலாலேயே செய்துவிட முடியாதா?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

பெரும்பகுதி முடியும். பார்வைக் குறைபாடு உள்ளவர்களுக்குப் போன் பழக்கிக்கொடுத்துப் பல வருடங்களாகிவிட்டன. குரல் உதவியாளர் இல்லாமல் அவர்களுடைய போனைப் பாதுகாப்பாக வைப்பது கஷ்டம் என்பதைத் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். காணாமல் போன போனைத் தேட, சரியான செட்டிங்ஸ் பக்கத்துக்குப் போக, அவசர எண்ணை அழைக்க, மறந்துவிடும் வேலையை நினைவூட்ட என்று எல்லாவற்றுக்கும் குரலைப் பயன்படுத்தலாம். பூட்டைத் திறக்கும் வேலையை மட்டும் குரலிடம் கொடுத்துவிடக்கூடாது. அதனால் முதல் வேலை, அம்மாவின் போனில் லாக்கைத் திரும்பப் போடுவது.

அதற்குக் கைரேகைதான் சிறந்தது. பேட்டர்ன் வேண்டாம், டாக்பேக் ஓடும்போது பேட்டர்ன் வரைவது பார்வை உள்ளவர்களுக்கே எரிச்சல் தரும். கைரேகையில் ஒரு சின்ன விஷயத்தைக் கவனியுங்கள். பவர் பட்டனிலேயே கைரேகை சென்சார் உள்ள போன் என்றால் அம்மாவுக்கு மிக எளிது, விரல் தானாகவே அந்த இடத்தைத் தடவிக் கண்டுபிடித்துவிடும். திரைக்கு அடியில் சென்சார் இருந்தால் தொட்டுணர அங்கே எந்த மேடும் இல்லை. அப்படிப்பட்ட போனில், போன் கவரின் கீழ் விளிம்பில் சென்சாருக்கு நேராக ஒரு சின்ன ஸ்டிக்கரை ஒட்டிவிடுங்கள். வயதானவர்களின் ரேகை தேய்ந்திருக்கும். ஆகவே ஒரே கட்டைவிரலை இரண்டு முறை தனித்தனியாகப் பதியுங்கள், அப்புறம் மறுகை விரலையும் சேருங்கள். அடுப்படியில் ஈரக் கையோடு போனை எடுக்கும்போது இதன் அருமை தெரியும்.

கைரேகை வைத்தாலும் பின் வேண்டும். போனை அணைத்துப் போட்டால் ஆண்ட்ராய்டு பின்னைத்தான் கேட்கும். அணைக்காவிட்டாலும், பின் போட்டு 72 மணி நேரம் ஆகிவிட்டால் கைரேகையை ஏற்காமல் பின்னைக் கேட்கும். ஒரு வகையில் இது நல்லது, அம்மா பின்னை மறக்கமாட்டார். ஆறு இலக்கமாக வையுங்கள். பிறந்த வருடமும் வீட்டு எண்ணும் வேண்டாம். பின் போடும்போது டாக்பேக் எண்களை உரக்கச் சொல்கிறதா என்று ஒருமுறை பக்கத்திலிருந்து கேட்டுப் பாருங்கள். சொன்னால், டாக்பேக் செட்டிங்ஸில் பாஸ்வேர்டுகளை வாய்விட்டுச் சொல்லும் தேர்வை அணைத்துவிட்டு, வெளியிடங்களில் ஒரு காதில் மட்டும் இயர்போன் போட்டுக்கொள்ளப் பழக்குங்கள். டாக்பேக் மெனுவில் திரையை மறைக்கும் வசதியும் இருக்கிறது. போன் பேசிக்கொண்டே இருக்கும், திரை மட்டும் கறுப்பாக இருக்கும். பஸ்ஸில் பக்கத்து சீட்டில் இருப்பவர் எட்டிப் பார்த்தாலும் ஒன்றும் தெரியாது. பார்க்க முடியாத ஒருவரால் யார் எட்டிப் பார்க்கிறார்கள் என்பதையும் பார்க்க முடியாது. அதனால் இந்த வசதியை நான் எல்லோருக்கும் முதல் நாளே சொல்லிக்கொடுத்துவிடுவேன்.

சரி, குரலாலேயே லாக்கைத் திறந்தால் என்ன? ஒரு காலத்தில் ஆண்ட்ராய்டில் அந்த வசதி இருந்தது. "ஓகே கூகுள்" என்று உரிமையாளர் குரலில் சொன்னால் போன் திறந்துகொள்ளும். பிறகு கூகுளே அதை விலக்கிக்கொண்டது. இன்று இருக்கும் வாய்ஸ் மேட்ச் என்பது அழைத்தது யார் என்று ஊகிக்க மட்டுமே. அதை அமைக்கும்போதே, ஒத்த குரலோ பதிவு செய்த குரலோ ஏமாற்றிவிடலாம் என்று கூகுள் எச்சரிக்கிறது. நம் வீடுகளில் அம்மா குரலும் மகள் குரலும் போனில் ஒன்றுபோலத்தான் கேட்கின்றன. உங்கள் அத்தையே எத்தனை முறை உங்களை அம்மா என்று நினைத்துப் பேச ஆரம்பித்திருப்பார்!

வாய்ஸ் மேட்ச் இல்லாத கருவி யார் பேசினாலும் கேட்கும் என்பதற்கு ஊரறிந்த உதாரணம் உண்டு. 2017 ஏப்ரலில் அமெரிக்காவில் பர்கர் கிங் ஒரு 15 விநாடி டிவி விளம்பரம் வெளியிட்டது. அதில் ஊழியர் "ஓகே கூகுள், வாப்பர் பர்கர் என்றால் என்ன?" என்று கேட்டதும், பார்த்துக்கொண்டிருந்தவர்களின் வீட்டில் கூகுள் ஹோம் ஸ்பீக்கர்கள் பதில் சொல்லத் தொடங்கின. அம்மா போனிலும் வாய்ஸ் மேட்ச் பதிந்திருக்கிறதா, அம்மாவே பேசிப் பதிந்ததுதானா என்று பாருங்கள். போன் வாங்கிய கடையில் பையன் அவசரத்தில் தன் குரலைப் பதிந்து கொடுத்துவிட்ட போன்களை நான் பார்த்திருக்கிறேன்.

இனி, இந்தப் பதிலில் மற்றதெல்லாம் மறந்துபோனாலும் நீங்கள் கட்டாயம் செய்ய வேண்டிய சோதனை. அடுத்த முறை ஊருக்குப் போகும்போது அம்மாவின் போனை லாக் செய்து மேசை மேல் வையுங்கள். அதைக் கண்டெடுத்த அந்நியர் நீங்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். கைரேகை வைக்காமல் பேசுங்கள். "எனக்கு வந்த மெசேஜைப் படி." "மகளுக்கு போன் போடு." "வாட்ஸ்அப்பில் மெசேஜ் அனுப்பு." "நாளைக்கு எனக்கு என்ன வேலை இருக்கிறது?" ஒவ்வொன்றுக்கும் என்ன பதில் வருகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். அப்புறம் அம்மாவையே பேசச் சொல்லி இன்னொரு சுற்று. அதில் போன் தாராளமாகப் பதில் சொல்லலாம். அந்தக் குரலை யாரும் பதிவு செய்துவிட முடியும் என்பதை நினைவில் வைத்துக்கொண்டு, எதை அனுமதிப்பது என்று முடிவு செய்யுங்கள்.

என் முடிவு எப்போதும் இதுதான்: லாக் நிலையில் அழைப்பு மட்டும் போகட்டும். அம்மா விழுந்துவிட்டால் கைரேகை தேடாமல் உங்களை அழைக்க முடிய வேண்டும். மெசேஜ் படிப்பது, அனுப்புவது, தனிப்பட்ட விவரங்களைச் சொல்வது மூன்றையும் லாக் நிலையில் அணைத்துவிடுங்கள். கூகுள் ஆப்பில் சுயவிவரப் படத்தைத் தொட்டு, செட்டிங்ஸ் வழியாக அசிஸ்டென்ட் பகுதிக்குப் போனால் லாக் ஸ்கிரீன் தொடர்பான தேர்வுகள் இருக்கும். பல போன்களில் அசிஸ்டென்டின் இடத்தை இப்போது கூகுளின் ஏஐ உதவியாளரான ஜெமினி பிடித்துவருகிறது. 2024 ஜூனில் இந்தியாவுக்கு வந்தபோதே அது தமிழும் பேசியது. ஜெமினி ஆப்பின் செட்டிங்ஸில் லாக் ஸ்கிரீனுக்கென்று தனியாக ஒரு பக்கம் உண்டு. அசிஸ்டென்டிலிருந்து ஜெமினிக்கு மாறியிருந்தால் பழைய தேர்வுகளை நம்பியிருக்காமல் சோதனையை மறுபடி செய்யுங்கள். ஒரு சில தேர்வுகளில் அழைப்பும் மெசேஜும் ஒன்றாகவே இருக்கும், பிரிக்க முடியாது. அப்படியானால், தனியாக இருக்கும் உங்கள் அம்மாவுக்கு நான் அதைத் திறந்தே வைப்பேன். மெசேஜ் வழியாக வரக்கூடிய தொல்லையைவிட, விழுந்த நிலையில் கூப்பிட முடியாமல் போவது பெரிய ஆபத்து.

இதோடு சேர்த்து, லாக் ஸ்கிரீன் நோட்டிஃபிகேஷனில் உள்ளடக்கம் காட்டுவதையும் நிறுத்துங்கள். அசிஸ்டென்ட் வாயை மூடிக்கொண்டாலும் ஓடிபி திரையில் பளிச்சென்று தெரிந்தால் என்ன பயன்? வீட்டில் இருக்கும்போது லாக் விழாமல் வைக்கும் வசதி ஒன்று ஆண்ட்ராய்டில் இருக்கிறது. முன்பு ஸ்மார்ட் லாக், இப்போது எக்ஸ்டெண்ட் அன்லாக் என்று பெயர். அம்மாவுக்கு இது கவர்ச்சியாகத் தோன்றும். ஆனால் 'வீடு' என்று அது கணக்கிடும் வட்டம் 80 மீட்டர் வரை விரியலாம். தெருமுனைக் கடையும் அந்த வட்டத்துக்குள் வந்துவிடும். வேண்டாம்.

போன் காணாமல் போவதைப் பற்றி இனிப் பேசலாம், ஏனென்றால் குரல் உதவியாளர் உண்மையிலேயே கைகொடுக்கும் இடம் இது. பார்வை இல்லாதவருக்குப் போன் சோபா இடுக்கில் விழுந்தாலே காணாமல் போனதுதான். கண்ணால் துழாவ முடியாது, கையால் துழாவ நேரமாகும். வீட்டில் ஒரு சின்ன கூகுள் ஸ்பீக்கர் இருந்து, அது அம்மாவின் கூகுள் கணக்கோடு இணைந்திருந்தால், "ஹே கூகுள், ஃபைண்ட் மை போன்" என்று சொன்னதும் சைலன்ட்டில் இருந்தாலும் போன் சத்தமாக அடிக்கும். ஸ்பீக்கர்களுக்குத் தமிழ் தெரியாததால் இதை ஆங்கிலத்தில்தான் சொல்ல வேண்டும். ஐந்து சொல்தான், ஒரே நாளில் பழகிவிடுவார்கள்.

வெளியில் தொலைந்தால் அம்மாவால் தனியாகச் செய்யக்கூடியது குறைவு, உங்கள் கையில்தான் இருக்கிறது. கூகுளின் ஃபைண்ட் ஹப் மூலம் நீங்கள் உங்கள் ஊரில் இருந்தபடியே அந்தப் போனை அடிக்க வைக்கலாம், லாக் செய்யலாம், முழுவதும் அழிக்கவும் செய்யலாம். ஆனால் அம்மா கணக்கில் இரண்டடுக்குச் சரிபார்ப்பு இருந்தால், நீங்கள் உள்ளே நுழையும்போது அனுமதி கேட்கும் செய்தி அந்தத் தொலைந்த போனுக்கே போகும். இங்கேதான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். கணக்கின் பாதுகாப்புப் பக்கத்தில், அந்த அனுமதிக்குப் பதிலாகப் போடக்கூடிய பேக்அப் கோடுகள் பத்து கிடைக்கும். அவற்றை இன்றே எடுத்துத் தாளில் எழுதி உங்கள் வீட்டில் வையுங்கள். 2024 முதல் இன்னொரு வழியும் வந்திருக்கிறது. ஆண்ட்ராய்டு 10 அல்லது அதற்கு மேற்பட்ட போன்களில் ரிமோட் லாக் வசதியை முன்கூட்டியே இயக்கி வைத்திருந்தால், கூகுளின் இணையப் பக்கம் ஒன்றில் அம்மாவின் போன் நம்பரை மட்டும் கொடுத்தே யாருடைய போனிலிருந்தும் திரையைப் பூட்டிவிடலாம், கணக்கின் பாஸ்வேர்டு தேவையில்லை. ரிமோட் லாக் இருக்கும் அதே செட்டிங்ஸ் பக்கத்தில், கையிலிருந்து யாராவது பறித்துக்கொண்டு ஓடினால் அந்த அசைவை உணர்ந்து தானாகப் பூட்டிக்கொள்ளும் தேர்வும் இருக்கும். இரண்டையும் இயக்கி வையுங்கள். தேடத் தெரியவில்லை என்றால் "செக்யூரிட்டி செட்டிங்ஸைத் திற" என்று சொல்லிப் பாருங்கள். சில போன்களில் நேராக அந்தப் பக்கத்துக்கே போகும், சிலவற்றில் செட்டிங்ஸ் முகப்போடு நின்றுவிடும்.

பூட்டு, சாவி எல்லாம் சரியாக இருந்தும் பணம் போகிற வழி ஒன்று இருக்கிறது. அதில் குரல் உதவியாளருக்கும் பங்கு உண்டு என்பதால் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். எனக்குத் தெரிந்த ஒரு பெரியவர், பார்வை முற்றிலும் இல்லாதவர். ஏடிஎம்மில் பணம் வராமல் கணக்கில் மட்டும் கழிந்துவிட்டது. போனிடம் தன் வங்கியின் கஸ்டமர் கேர் நம்பரைக் கேட்டார். தேடலில் முதலில் வந்த எண்ணை அது படித்தது, இவர் அழைத்தார். எடுத்தவன் மரியாதையாகப் பேசி, ஒரு ஆப் இறக்கச் சொன்னான். திரையை அவன் பார்க்கும்படி செய்யும் ஆப் அது. பதினைந்தே நிமிடத்தில் 42,000 ரூபாய் போனது. பார்வை உள்ளவர் அந்தத் தேடல் பக்கத்தைப் பார்த்திருந்தால், ஏதோ பேர் தெரியாத தளம் என்று ஒருவேளை சந்தேகப்பட்டிருப்பார். காதால் கேட்கும்போது அந்த வாய்ப்பே இல்லை. நல்ல எண்ணும் கெட்ட எண்ணும் ஒரே குரலில், ஒரே நம்பிக்கையோடு படிக்கப்படுகின்றன.

ஆகவே அம்மாவுக்கு ஒரே ஒரு விதி சொல்லுங்கள்: வங்கி, கேஸ், மின்சாரம் எதுவானாலும் நம்பரைப் போனிடம் கேட்கக்கூடாது, பெயரைச் சொல்லித்தான் அழைக்க வேண்டும். அதற்கு நீங்கள் முன்கூட்டியே எண்களைச் சேமித்து வைக்க வேண்டும். வங்கி எண்ணை டெபிட் கார்டின் பின்பக்கத்திலிருந்து பார்த்து எடுங்கள். சைபர் மோசடிக்கான தேசிய உதவி எண் 1930. இதையும் ஒரு பெயரில் சேமியுங்கள். பெயர் முக்கியம். அம்மா எப்படி உச்சரிப்பாரோ அப்படியே இருக்க வேண்டும். 'கஸ்டமர் சப்போர்ட்' என்று வைத்தால் பதற்றத்தில் நாக்கு குழறும். 'பேங்க் அவசரம்', 'சைபர் போலீஸ்' என்று வைத்துவிட்டு, "பேங்க் அவசரத்துக்கு போன் போடு" என்று அவரையே சொல்ல வைத்துச் சரியாக வேலை செய்கிறதா பாருங்கள். தமிழ் எழுத்தில் சேமித்த பெயர் பிடிபடவில்லை என்றால் ஆங்கில எழுத்தில் மாற்றிப் பாருங்கள், போனுக்குப் போன் இது வேறுபடுகிறது. பணம் போய்விட்டால் 1930க்கு எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவு நல்லது. பணம் அடுத்தடுத்த கணக்குகளுக்குத் தாவுவதற்குள் நிறுத்திவைக்க முடிந்தால்தான் மீட்க வழி உண்டு. நம்பரைத் தேடிக்கொண்டிருக்கும் அந்தச் சில நிமிடங்களைத்தான் குரல் மிச்சப்படுத்துகிறது.

இன்னொரு விஷயம், பாஸ்வேர்டு, ஓடிபி, யூபிஐ பின் எதையும் அசிஸ்டென்டிடம் சொல்லிக் குறித்துவைக்கச் சொல்லக்கூடாது. "என் ஏடிஎம் பின் நம்பரை நினைவில் வைத்துக்கொள்" என்று சொல்பவர்கள் நிஜமாகவே இருக்கிறார்கள், அவர்களைக் குறை சொல்லவும் முடியாது. எழுதி வைக்க முடியாதவருக்கு அது இயல்பாகத் தோன்றும் வழி. ஆனால் அப்படிச் சொன்னது எழுத்தாக மாறிக் கணக்கின் வரலாற்றில் கிடக்கும். தவறிச் சொல்லிவிட்டால் உடனே அழிக்க வேண்டும். 2019 முதல் கூகுள் அசிஸ்டென்டில் இப்போது சொன்னதை அழி, இந்த வாரம் சொன்னதையெல்லாம் அழி என்ற கட்டளைகள் இருக்கின்றன. தமிழில் சொல்லி அது புரிந்துகொள்ளாவிட்டால், நீங்கள் கணக்கின் செயல்பாட்டுப் பக்கத்துக்குப் போய்க் கையால் அழித்துவிடுங்கள். அங்கேயே 3 மாதத்துக்கு மேல் பழையவை தானாக அழியும்படியும் வைக்கலாம். அதே 2019இல்தான், ஆப்பிள், கூகுள், அமேசான் மூன்றுமே குரல் பதிவுகளில் சிலவற்றை மனிதர்களைக் கொண்டு கேட்டுச் சரிபார்த்தது செய்திகளில் வந்தது. அதன்பின் விதிகள் இறுகின. இருந்தாலும் ரகசியத்தை உரக்கச் சொல்லாமல் இருப்பதற்கு ஈடான பாதுகாப்பு வேறு இல்லை.

"காதுக்குக் கேட்காத ஒலியால் போனை ஹேக் செய்துவிடுவார்களாமே?" என்றும் கேட்டிருந்தீர்கள். அது உண்மையில் நடந்த ஆராய்ச்சி. 2017இல் சீனாவின் ஜெஜியாங் பல்கலைக்கழகத்தினர் மனிதக் காதுக்கு எட்டாத மீயொலியில் கட்டளை அனுப்பி உதவியாளர்களை இயக்கிக் காட்டினார்கள். 2019இல் மிச்சிகன் பல்கலைக்கழகமும் டோக்கியோ ஆராய்ச்சியாளர்களும் லேசர் ஒளியை மைக்கின் மேல் பாய்ச்சி அதையே செய்தார்கள், 110 மீட்டர் தூரத்திலிருந்தும் முடிந்தது. கேட்க அதிர்ச்சியாக இருக்கும். ஆனால் காரைக்குடியில் அம்மாவின் போனுக்கு லேசரோடு யாரும் வரப்போவதில்லை. மேலே சொன்ன லாக் ஸ்கிரீன் சோதனையை முடித்துவிட்டால், அப்படி வந்தாலும் அவர்களுக்குக் கிடைப்பது கொஞ்சம்தான். அந்தக் கவலையைப் போலி கஸ்டமர் கேர் மேல் திருப்புங்கள்.

உங்கள் கையில் இருப்பது ஐபோன் என்று சொன்னதால் அதற்கும் இரண்டு வரி. சிரி என்பது ஐபோனின் குரல் உதவியாளர். செட்டிங்ஸில் சிரி பகுதியில், லாக் நிலையில் சிரியை அனுமதிக்கும் தேர்வு இருக்கிறது. இதே சோதனையை உங்கள் போனிலும் செய்துவிட்டு முடிவெடுங்கள். 2018இல் மறைத்து வைத்த நோட்டிஃபிகேஷனைக்கூட லாக் நிலையில் சிரி படித்துக் காட்டிய குறை ஒன்று வெளிப்பட்டது. அது எப்போதோ சரியாகிவிட்டது என்றாலும், சோதித்துப் பார்க்காமல் நம்பக்கூடாது என்று எனக்குக் கற்றுக்கொடுத்தது அதுதான். ஐஓஎஸ் 16 முதல் சிரியிடமே போனை ரீஸ்டார்ட் செய்யச் சொல்லலாம். ரீஸ்டார்ட் ஆன ஐபோன் முகத்தையோ கைரேகையையோ ஏற்காது, பாஸ்கோடுதான் கேட்கும். யாராவது போனைப் பிடுங்கி உங்கள் முகத்துக்கு நேராக நீட்டக்கூடும் என்று தோன்றும் இடங்களில் இது உதவும்.

மாதத்துக்கு ஒருமுறை அப்டேட் பார்க்கும் வேலையையும் குரலிடமே விட்டுவிடுங்கள். "ஒவ்வொரு மாதமும் பத்தாம் தேதி காலை பத்து மணிக்கு, மகளிடம் அப்டேட் பற்றிக் கேட்க வேண்டும் என்று நினைவூட்டு" என்று அம்மா சொன்னால் போதும். ஆண்ட்ராய்டுக்குப் பாதுகாப்புத் திருத்தங்கள் தொடர்ந்து வருகின்றன. அவை உங்கள் மாடலுக்கு எப்போது வரும் என்பது கம்பெனியைப் பொறுத்தது. நினைவூட்டலில் அம்மா உங்களை அழைப்பதால், வேறு ஏதாவது விநோதமான மெசேஜ் வந்திருந்தாலும் அதே பேச்சில் வெளியே வந்துவிடும். அப்படித்தான் என் மாணவர் ஒருவர் மின் கட்டணம் கட்டவில்லை, இன்று இரவு கரண்ட் கட் என்று வந்த போலி மெசேஜிலிருந்து தப்பினார்.

ஊருக்குப் போகிற அன்று இன்னும் ஒரு வேலை. போன் வாங்கிய பெட்டியை அம்மா எங்கே வைத்திருக்கிறார் என்று கேளுங்கள். அதில் ஐஎம்இஐ எண் இருக்கும், அந்தப் போனுக்கென்றே உள்ள அடையாள எண் அது. பெட்டி இல்லையென்றால் போனில் *#06# அழுத்தினால் வரும். அதை உங்கள் போனில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். போன் திருடு போனால் போலீஸ் புகாரோடு மத்திய அரசின் சஞ்சார் சாத்தி தளத்தில் அந்த எண்ணைக் கொடுத்து, இந்தியாவில் எந்த நெட்வொர்க்கிலும் அந்தப் போன் வேலை செய்யாதபடி தடுத்துவிடலாம். அப்புறம் போனைத் தலையணைக்கு அடியில் ஒளித்துவைத்து அம்மாவைத் தேடச் சொல்லுங்கள். முதல் முறை சிரிப்பார். மூன்றாவது முறை உங்களைக் கேட்காமலே கண்டுபிடித்துவிடுவார்.